80 வருஷம் காணாமல் போயிருந்த 40 நிமிடப் படம்: சோவியத் ஜார்ஜியாவின் மௌனப் படங்களுக்கு என்ன ஆச்சு?

2013-ஆம் ஆண்டு. மாஸ்கோவுக்கு அருகே உள்ள ரஷ்ய அரசுத் திரைப்படக் காப்பகமான 'கோஸ்ஃபில்மோஃபோண்ட்'. பல பத்தாண்டுகளாக யாரும் தொடாத ஒரு படச்சுருள் அங்கே அடையாளம் காணப்பட்டது. படத்தின் பெயர் 'புபா'. எடுத்த வருஷம் 1930. ஓடும் நேரம் சுமார் 40 நிமிடம். வசனம் இல்லை, பாட்டு இல்லை, நட்சத்திர நடிகர்களும் இல்லை. மலையில் வாழும் ஏழை விவசாயிகளைப் பற்றிய ஆவணப்படம். அவ்வளவுதான்.

ஆனால் அந்தச் சுருளுக்காக ஒரு குடும்பமே காத்திருந்தது. படத்தை இயக்கியவர் நூத்சா கோகோபெரிட்சே, ஜார்ஜியாவின் முதல் பெண் இயக்குநர். அவர் 1966-இல் இறந்துவிட்டார். அவருடைய மகள் லானா கோகோபெரிட்சேவும் உலகம் அறிந்த இயக்குநர். 'புபா' கிடைத்தபோது லானாவுக்கு வயது 80-ஐத் தாண்டியிருந்தது. வாழ்நாள் முழுக்க சினிமா எடுத்தவர், அம்மா எடுத்த படத்தை முதல்முறையாகப் பார்த்தது அந்த வயதில்தான்.

ஒரு படம் எப்படி 80 வருஷம் காணாமல் போகும்? யார் ஒளித்து வைத்தார்கள்? ஒளித்து வைத்தவர்கள் ஏன் எரித்துப் போடவில்லை? இந்தக் கேள்விகளுக்குப் பதில் தேடினால், உலக சினிமா வரலாற்றில் அதிகம் பேசப்படாத ஓர் அத்தியாயம் திறக்கிறது.

முதலில், எந்த ஜார்ஜியா?

அமெரிக்க மாநிலம் இல்லை. இது கருங்கடலுக்கும் காக்கசஸ் மலைத்தொடருக்கும் நடுவில் இருக்கும் நாடு. வடக்கே ரஷ்யா, தெற்கே துருக்கியும் ஆர்மீனியாவும், கிழக்கே அஜர்பைஜான். தலைநகர் திபிலிசி. மக்கள்தொகை சுமார் 39 லட்சம். மொழியும் எழுத்தும் இரண்டுமே தனி; ரஷ்ய மொழியோடு உறவு இல்லாதவை. அந்த மொழியில் 'மாமா' என்றால் அப்பா, 'பெபியா' என்றால் பாட்டி. இந்தப் பாட்டி பின்னால் கதைக்குள் வருவார், ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

ஜார்ஜியாவில் சினிமா சோவியத் ஆட்சிக்கு முன்பே வந்துவிட்டது. 1912-இல் வாசில் அமாஷுகேலி என்ற ஒளிப்பதிவாளர், மக்கள் கொண்டாடிய கவிஞர் அகாகி செரெத்தேலியின் மலைநாட்டுப் பயணத்தை ஆவணப்படமாக எடுத்தார். 1918-இல் ரஷ்யப் பேரரசிலிருந்து பிரிந்து ஜார்ஜியா தனி நாடானது. அந்தச் சுதந்திரம் மூன்றே வருஷம்தான் நீடித்தது. 1921 பிப்ரவரியில் செஞ்சேனை உள்ளே வந்தது. அன்று முதல் 1991 வரை அது சோவியத் ஜார்ஜியா.

புது அரசுக்கு சினிமா எதற்கு?

புரட்சிக்குப் பிறகு சோவியத் தலைவர்களுக்கு ஒரு பெரிய சிக்கல் இருந்தது. நாடு மிகப் பெரியது. கிராமங்களில் பெரும்பாலானோருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. நூற்றுக்கும் மேற்பட்ட மொழிகள். பத்திரிகை அடித்து அனுப்பினால் படிக்க ஆள் வேண்டுமே? படம் காட்டினால் எல்லோருக்கும் புரியும். கலைகளில் தங்களுக்கு முக்கியமானது சினிமாதான் என்று லெனின் நினைத்ததற்கு இதுதான் அடிப்படைக் காரணம். 1919-லேயே திரைப்படத் தொழிலை அரசுடைமை ஆக்கும் ஆணையில் அவர் கையெழுத்திட்டார்.

ஜார்ஜியாவில் 1921-இல் கல்வித் துறைக்குக் கீழே ஒரு திரைப்படப் பிரிவு தொடங்கியது. 1923-இல் அது அரசு சினிமா நிறுவனமாக வளர்ந்தது. ஜார்ஜிய மொழியில் 'சாக்கின்ம்ரெத்ஸ்வி', ரஷ்ய மொழியில் 'கோஸ்கின்ப்ரோம் குரூசி'. ஆனால் ஆரம்ப வருஷங்களில் அரசின் கஜானா காலி. படம் எடுத்தால் டிக்கெட் விற்றாக வேண்டும்.

எனவே அவர்கள் முதலில் செய்தது பக்கா கமர்ஷியல் வேலை. 1923-இல் இவான் பெரெஸ்தியானி எடுத்த 'சிவப்புக் குட்டிச்சாத்தான்கள்' சோவியத் நாடு முழுக்க ஓடிய சூப்பர் ஹிட். உள்நாட்டுப் போரில் மூன்று இளைஞர்கள் செய்யும் சாகசம்தான் கதை. குதிரைச் சவாரி, சண்டை, துரத்தல் என்று கவ்பாய் படம் பார்ப்பது மாதிரியே இருக்கும். என்ன, ஹீரோக்கள் மட்டும் புரட்சிக்காரர்கள். அதே கதை 1966-இல் மாஸ்கோவில் மறுபடி எடுக்கப்பட்டு, அதுவும் பெரிய வெற்றி பெற்றது.

இந்த வருமானமும் அனுபவமும் சேர்ந்தபோது, 20-களின் கடைசியில் ஒரு புதிய தலைமுறை வந்தது. 25, 30 வயதுக்காரர்கள். ஓவியர்கள், கவிஞர்கள், நாடகக்காரர்கள். சினிமாவை வேறு மாதிரி செய்து பார்க்கலாம் என்று துடித்தவர்கள். நூத்சா கோகோபெரிட்சே அந்தக் கூட்டத்தில் ஒருவர்.

குறும்படம் ஏன்?

அந்தக் காலத்தில் சோவியத் ஸ்டுடியோக்களில் 'கலாசாரப் படம்' என்று ஒரு தனி வகை இருந்தது. உடல்நலம், விவசாயம், கல்வி, தொலைதூர மக்களின் வாழ்க்கை பற்றிய விளக்கப் படங்கள். ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். செட்டு போட வேண்டாம், நடிகர்களுக்குச் சம்பளம் வேண்டாம். ஒரு கேமராவும் சிறிய குழுவும் இருந்தால் போதும். நகரும் புரொஜெக்டரோடு கிராமம் கிராமமாகப் போய்க் காட்டலாம்.

இளம் இயக்குநர்களுக்கு இது வசதியான பயிற்சிக் களம். பெரிய பட்ஜெட் இல்லாததால் மேலிடத்தின் கண்ணும் அவ்வளவாக விழவில்லை. கோணத்தை மாற்றிப் பார்க்கலாம், வெட்டி ஒட்டிப் பார்க்கலாம்.

வெட்டி ஒட்டுவது என்பதுதான் இங்கே முக்கியமான விஷயம். மௌனப் படத்தில் வசனம் கிடையாது. கதை சொல்ல இரண்டே வழிகள்: காட்சிகளுக்கு நடுவில் வரும் எழுத்து அட்டைகள், இல்லையென்றால் காட்சிகளை அடுக்கும் விதம். ஒரு பசித்த முகம், அடுத்து ஒரு காலித் தட்டு. தனித்தனியாகப் பார்த்தால் சாதாரணம். பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் மனதில் மூன்றாவதாக ஓர் அர்த்தம் உருவாகும். இதைத்தான் மொன்டாஜ் என்றார்கள். இன்றைக்கு ரீல்ஸ் எடிட் பண்ணுபவர்கள் யோசிக்காமலேயே செய்யும் வேலைக்கு, அன்றைக்கு மாஸ்கோவிலும் திபிலிசியிலும் பக்கம் பக்கமாகக் கோட்பாடு எழுதிக்கொண்டிருந்தார்கள்.

பழைய மௌனப் படங்களில் எல்லோரும் வேகவேகமாக நடப்பதைப் பார்த்துச் சிரித்திருப்பீர்கள். அது எடுத்தவர்களின் தப்பு இல்லை. அன்று பெரும்பாலும் நொடிக்கு 16 முதல் 20 ஃபிரேம் வரை எடுத்தார்கள். பேசும் படம் வந்த பிறகு 24 ஃபிரேம் நிலையான அளவானது. பழைய படத்தைப் புது வேகத்தில் ஓட்டினால் மனிதர்கள் ஓடத்தான் செய்வார்கள்.

உப்புக்காக ஒரு படம்

இந்தத் தலைமுறையின் மிகப் பிரபலமான படைப்பு 'ஜிம் ஷ்வாந்தே'. 'ஸ்வானேத்திக்கு உப்பு' என்று பொருள். 1930-இல் வெளிவந்தது. ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. இயக்கியவர் மிகேல் கலதோசிஷ்விலி. உலகம் அவரை மிகயில் கலதோசோவ் என்று அறியும். திபிலிசியில் பிறந்து, ஒளிப்பதிவாளராக மேலே வந்தவர்.

ஸ்வானேத்தி, காக்கசஸின் உச்சியில் இருக்கும் பகுதி. அங்கே உஷ்குலி என்ற ஊர்க் கூட்டம் கடல் மட்டத்திலிருந்து 2,100 மீட்டருக்கு மேல் இருக்கிறது. ஒவ்வொரு வீட்டுக்கும் கல்லில் கட்டிய கோபுரம். எதிரி வந்தால் மேலே ஏறித் தப்பிக்க நூற்றாண்டுகளுக்கு முன் கட்டியவை. 1996-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் மேல் ஸ்வானேத்தி சேர்ந்தது. இப்போது சுற்றுலாப் பயணிகள் செல்ஃபி எடுக்கும் இடம்.

1930-இல் நிலைமை வேறு. வருஷத்தின் பெரும்பகுதி பனி வழியை அடைத்துவிடும். கம்பளி, கல், பார்லி எல்லாம் அவர்களே உண்டாக்கிக் கொள்வார்கள். ஒன்று மட்டும் அங்கே கிடைக்காது. உப்பு.

உப்பு இல்லாத வாழ்க்கை எப்படி இருக்கும் என்று படம் வாயால் சொல்லவில்லை, காட்டுகிறது. வியர்வையை நக்க ஆடு வருகிறது. மனிதன் சிறுநீர் கழித்த இடத்தை மாடு தேடிப் போய் நக்குகிறது. உப்பு வாங்கக் கீழே போன ஆண்கள் மூட்டையோடு கணவாய் ஏறி வரும்போது பனிச்சரிவில் புதைகிறார்கள். சமையலறை டப்பாவில் அலட்சியமாகக் கிடக்கும் ஒரு பொருளுக்காக உயிர் போகிறது. பார்த்தவர்களால் லேசில் மறக்க முடியாத காட்சிகள் இவை.

இன்னொரு பகுதி அதைவிடக் கடுமையானது. ஊரில் பணக்காரர் ஒருவரின் சாவு. சாவு நேரத்தில் பிறப்பு நடந்தால் தீட்டு என்று நிறைமாதக் கர்ப்பிணியை வெளியே துரத்துகிறார்கள். வெட்டவெளியில் பிறக்கும் குழந்தை இறந்துபோகிறது. தாய் தன் தாய்ப்பாலைக் குழந்தையின் குழிமேல் பீய்ச்சுகிறாள். இதற்குப் பிறகு வரும் கடைசிக் காட்சிகளில் தொழிலாளர்கள் பாறையை உடைத்துச் சாலை போடுகிறார்கள். சாலை வந்தால் உப்பு வரும், உப்போடு புது வாழ்வும் வரும். இதுதான் படத்தின் செய்தி.

அப்போ இது பிரசாரப் படம்தானே?

ஆமாம், சந்தேகமே வேண்டாம். அரசு பணம் கொடுத்தது, அரசின் செய்தியைப் படம் சொன்னது. பழைய வழக்கம் இருட்டு, சோவியத் சாலை வெளிச்சம் என்ற ஒற்றைக் கோடு அதில் இருக்கிறது. சடங்குக் காட்சிகள் எல்லாம் நடந்தபோது எடுத்தவையும் இல்லை. கலதோசோவ் முதலில் அங்கே ஒரு கதைப்படம் எடுக்கப் போனார். அது நிராகரிக்கப்பட்ட பிறகு, எடுத்த காட்சிகளை ஆவணப்படத்துக்குள் சேர்த்துக்கொண்டார். தங்கள் வாழ்க்கையை இப்படிக் காட்டியதை ஸ்வானேத்தி மக்கள் ஏற்கவில்லை. தலைநகரிலிருந்து கேமராவோடு வந்தவர்கள், மலைக்காரர்களை 'பின்தங்கியவர்கள்' என்று படம் பிடித்துப் போனதாகவே அவர்கள் பார்த்தார்கள். நியாயமான கோபம்தான்.

இதில் ஒரு முரண் இருக்கிறது. படம் அரசுக்கும் பிடிக்கவில்லை. கடைசியில் வரும் சாலையைவிட, அதற்கு முன்னால் வரும் பனியும் சாவும் தாய்ப்பாலும்தான் பார்ப்பவர் மனதில் நின்றது. எழுதிக் கொடுத்த செய்தியைக் கேமரா மீறிவிட்டது. 'வடிவத்துக்கு முக்கியத்துவம், கருத்துக்கு இல்லை' என்று விமர்சனம் எழுந்தது. அடுத்து அவர் எடுத்த 'பூட்ஸில் ஓர் ஆணி' நேரடியாகத் தடை செய்யப்பட்டது.

பிரசாரம் என்ற ஒரே சொல்லால் இந்தப் படங்களைத் தள்ளிவிட முடியாததற்கு இதுதான் காரணம். உத்தரவு ஒன்று, திரையில் வந்து சேர்ந்தது வேறொன்று.

'புபா'வில் என்ன இருக்கிறது?

நூத்சா கோகோபெரிட்சே ஜெர்மனியின் யேனா பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்தவர். சினிமாவுக்கு வந்ததும் முதலில் கலதோசோவோடு சேர்ந்து, 1928-இல் 'அவர்களின் ராஜ்ஜியம்' என்ற படத்தை உருவாக்கினார். சுதந்திர ஜார்ஜியாவை ஆண்ட மென்ஷெவிக் அரசு பற்றிய பழைய செய்திச் சுருள்களை வெட்டி ஒட்டி, அந்த அரசை விமர்சிக்கும்படி செய்த படம் அது.

'புபா' அவர் தனியாக இயக்கிய முதல் படம். எடுக்கும்போது அவருக்கு வயது 30 கூட ஆகவில்லை. ஸ்வானேத்திக்குக் கிழக்கே உள்ள ராச்சா மலைப்பகுதி, அங்கே புபா என்ற பனியாறு. அதன் அடிவாரத்து மனிதர்கள்தான் படத்தின் நாயகர்கள். செங்குத்தான சரிவில் நிலத்தோடு மல்லுக்கட்டும் ஆண்களும் பெண்களும், எந்த நேரமும் பொறுமை இழக்கக்கூடிய இயற்கை, கூடவே எட்டிப் பார்க்கும் புதிய சோவியத் வாழ்க்கை.

படத்தின் கலை வடிவமைப்பில் பணியாற்றியவர் டேவிட் ககபாட்சே. ஜார்ஜியாவின் நவீன ஓவியர்களில் முதல் வரிசையில் இருப்பவர். 20-களில் பல வருஷங்கள் பாரிஸில் இருந்தார். கண்ணாடி போடாமலே முப்பரிமாணமாகத் தெரியும் சினிமாக் கருவி ஒன்றை அங்கே வடிவமைத்து, காப்புரிமையும் வாங்கினார். 1927-இல் ஊர் திரும்பிய அவர், 'ஜிம் ஷ்வாந்தே'யிலும் வேலை செய்தார். வயல்களையும் மலைகளையும் பட்டை பட்டையாக, வண்ணத் துண்டுகளாகப் பார்த்த ஓவியர் அவர். இரண்டு படங்களின் சட்டகங்களிலும் அந்தக் கண் தெரிகிறது.

அடுத்து நூத்சா ஒரு முழுநீளப் படம் எடுத்தார். 1934-இல் வந்த 'உழ்முரி'. மேற்கு ஜார்ஜியாவின் சதுப்பு நிலத்தை வற்ற வைக்கும் திட்டமும், அந்தச் சதுப்பில் தீய ஆவி குடியிருப்பதாக நம்பும் கிராம மக்களும் அதன் கதை. அதுவும் மௌனப் படம். அதுவே அவருடைய கடைசிப் படமும் ஆனது.

பாட்டி இருந்தால் வேலை கிடைக்கும்

இந்தக் காலத்துப் படங்களிலேயே ரொம்ப ஜாலியானது, அதே சமயம் ரொம்ப ஆபத்தானது, 1929-இல் கோட்டே மிகாபெரிட்சே எடுத்த 'செமி பெபியா'. 'என் பாட்டி' என்று அர்த்தம். குறும்படம் இல்லை, ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேலே ஓடும்.

கதை நடப்பது ஓர் அரசு ஆபீஸில். வட்ட மேஜையைச் சுற்றி அதிகாரிகள். யாருக்கும் வேலை இல்லை, யாரும் வேலை செய்வதும் இல்லை. ஒருவர் பொம்மைக் காரை ஓட்டி விளையாடுகிறார். மனுவோடு வந்தவர் காத்துக் கிடக்கிறார். ஒருநாள் ஒரு சோம்பேறி அதிகாரியின் வேலை போகிறது. ராட்சத பேனா ஒன்று பறந்து வந்து அவரைக் குத்தி நிற்கிறது. வீட்டுக்குப் போனால் ஆடம்பரத்துக்குப் பழகிய மனைவி துரத்தி அடிக்கிறாள். மறுபடி வேலை வேண்டுமா? அதற்கு ஒரே வழி, ஒரு 'பாட்டி'யைப் பிடிப்பது.

அன்றைய சோவியத் பேச்சு வழக்கில் 'பாட்டி' என்றால் மேலிடத்தில் இருந்து சிபாரிசுக் கடிதம் கொடுக்கும் ஆள். இந்தச் சொல்லை விளக்கவே தேவையில்லை. அரசு அலுவலகம் இருக்கும் எல்லா ஊரிலும் இந்தப் பாட்டி இருக்கிறார்.

படத்தில் பொம்மைகள் நகர்கின்றன, சிலைகள் உயிர் பெறுகின்றன, செட்டுகள் கோணல்மாணலாக நிற்கின்றன. ஸ்டாப் மோஷன், ஸ்லோ மோஷன் என்று அன்று கையில் இருந்த அத்தனை தந்திரமும் உண்டு. அதிகார வர்க்கத்துக்கு எதிரான கோஷத்தோடு படம் முடிகிறது. அதிகாரிகளின் சோம்பேறித்தனத்தைக் கிண்டல் செய்வது அன்று அரசே ஊக்குவித்த விஷயம்தான். ஆனால் இந்தக் கிண்டல் அளவு மீறிவிட்டது. ஓரிரு அதிகாரிகள் மோசம் என்று படம் சொல்லவில்லை. மொத்த ஆபீஸும் இப்படித்தான் என்றது. தடை விழுந்தது. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு கழித்து, 70-களில்தான் வெளியே வந்தது.

1937: கதவு மூடிய வருஷம்

1934-இல் 'சோஷலிச யதார்த்தவாதம்' சோவியத் எழுத்தாளர் மாநாட்டில் அதிகாரப்பூர்வக் கொள்கை ஆனது. எல்லாக் கலைக்கும் அதுவே சட்டம். எளிமையாகச் சொன்னால், நாயகன் நல்லவனாக இருக்க வேண்டும், முடிவு நம்பிக்கையாக இருக்க வேண்டும், பார்ப்பவருக்குக் குழப்பம் வரக் கூடாது. கோணல் கேமராவுக்கும் கிண்டலுக்கும் இனி இடமில்லை. பேசும் படமும் வந்துவிட்டதால் மௌனப் படத்தின் மொழியே பழையதாகிவிட்டது. ஆனாலும் பெரிய அடி அரசியலிலிருந்து வந்தது. ஸ்டாலின் ஜார்ஜியாவில், கோரி என்ற ஊரில் பிறந்தவர். அவருடைய பெரும் களையெடுப்பு சொந்த மண்ணையும் விட்டுவைக்கவில்லை.

நூத்சாவின் கணவர் லெவான் கோகோபெரிட்சே சாதாரண ஆள் இல்லை. 1930-இல் ஜார்ஜியக் கம்யூனிஸ்ட் கட்சியின் முதல் செயலாளராக இருந்தவர். 1937-இல் சுட்டுக் கொல்லப்பட்டார். 'மக்கள் விரோதி'யின் மனைவி என்பதால் நூத்சா கைது செய்யப்பட்டார். 10 வருஷம் முகாம்களில் கழிந்தது. மகள் லானாவுக்கு அப்போது 8, 9 வயது.

'ஜிம் ஷ்வாந்தே'க்கு மூலமான கட்டுரையை எழுதியவர் செர்கெய் த்ரெத்யகோவ். அவரும் 1937-இல் கொல்லப்பட்டார். 1928-இல் நிகோலோஸ் ஷெங்கெலயா இயக்கிய 'எலிசோ' படத்தின் திரைக்கதையிலும் அவருக்குப் பங்கு உண்டு. அதில் நாயகியாக நடித்த கிரா அந்த்ரோனிகஷ்விலியின் கணவர், எழுத்தாளர் போரிஸ் பில்னியாக். அவர் 1938-இல் சுடப்பட்டார். கிராவும் கைதானார்.

'எலிசோ'வின் கதையை இன்று பார்த்தால் முதுகுத்தண்டு சில்லிடும். 1864-இல் ஜார் ஆட்சி செச்சென் மக்களை மலைக் கிராமங்களிலிருந்து துருக்கிக்கு விரட்டியதுதான் கதை. ஜார் செய்த கொடுமை என்று காட்டவே சோவியத் அரசு அதை அனுமதித்தது. படம் வந்து 16 வருஷம் கழித்து, 1944 பிப்ரவரியில், ஸ்டாலின் அரசு சுமார் 5 லட்சம் செச்சென், இங்குஷ் மக்களை ரயில் பெட்டிகளில் ஏற்றி மத்திய ஆசியாவுக்கு அனுப்பியது. திரையில் கண்டித்ததை நிஜத்தில் பல மடங்காகச் செய்தார்கள்.

கலதோசோவ் தப்பித்தார். சில காலம் படம் இயக்காமல் ஸ்டுடியோ நிர்வாகத்தில் இருந்தார். ஸ்டாலின் இறந்த பிறகு 1957-இல் 'கொக்குகள் பறக்கின்றன' எடுத்தார். 1958-இல் கான் விழாவில் அதற்குத் தங்கப் பனை விருது. 1964-இல் வந்த 'நான் கியூபா'வின் நீளமான கேமரா அசைவுகளை இன்றைக்கும் சினிமா மாணவர்கள் நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறார்கள். அந்தக் கேமரா ஸ்வானேத்திக் கோபுரங்களில் பழகிய கேமரா.

வீட்டுக்கு வந்தார், சினிமாவைப் பற்றிப் பேசவில்லை

முகாமிலிருந்து திரும்பிய நூத்சா மறுபடி படம் இயக்கவே இல்லை. மொழியியல் நிறுவனம் ஒன்றில் வேலை செய்தார். முகாம் அனுபவங்களைச் சிறுகதைகளாக எழுதினார். தான் ஒரு இயக்குநர் என்பதைப் பற்றி வீட்டில்கூடப் பேசவில்லை. படங்கள் கண்ணில் இல்லை, பெயர் சினிமா வரலாற்றுப் புத்தகங்களில் இல்லை.

மகள் லானாவுக்கு ஆரம்பத்தில் சினிமாப் படிப்புக்கு வழி கிடைக்கவில்லை. இலக்கியம் படித்து, பிறகு மாஸ்கோ திரைப்படக் கல்லூரிக்குப் போனார். 1978-இல் அவர் எடுத்த 'சொந்த விஷயங்கள் பற்றிச் சில நேர்காணல்கள்' படத்தில், முகாமிலிருந்து அம்மா திரும்பி வரும் நாளை நாயகி நினைத்துப் பார்ப்பாள். சோவியத் சினிமாவில் அந்த விஷயத்தை அப்படித் தொடுவது அன்று மிக அரிது. அம்மா சொல்லாமல் விட்டதை மகள் திரையில் சொன்னார்.

2013-இல் 'புபா' கிடைத்தது. 2018-இல் 'உழ்முரி'யும் அதே காப்பகத்தில் கிடைத்தது. 2023-இல், 95 வயதை நெருங்கும்போது, லானா ஓர் ஆவணப்படம் எடுத்தார். பெயர் 'அம்மாவும் மகளும், அல்லது இரவு ஒருபோதும் முழுமையாவதில்லை'. லானாவின் மகள் சலோமே அலெக்சியும் இயக்குநர்தான். மூன்று தலைமுறை, மூன்று பெண் இயக்குநர்கள். நடுவில் மட்டும் 80 வருஷ ஓட்டை.

எரித்துப் போடாமல் ஏன் வைத்திருந்தார்கள்?

அந்தக் காலத்துப் படச்சுருள் செல்லுலோஸ் நைட்ரேட் என்ற பொருளால் ஆனது. எளிதில் தீப்பிடிக்கும். எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால், தண்ணீருக்குள் போட்டாலும் அணையாது. எரியாவிட்டாலும் காலப்போக்கில் பிசுபிசுத்து, கடைசியில் பொடியாகிவிடும். 50-களின் தொடக்கம் வரை உலகம் முழுக்க இதுதான் புழக்கத்தில் இருந்தது. உலகின் மௌனப் படங்களில் பெரும்பகுதி அழிந்ததற்கு இது ஒரு முக்கியக் காரணம். இன்னொரு காரணம் அலட்சியம். ஓடி முடிந்த படத்தைப் பாதுகாக்க யாரும் செலவு செய்யவில்லை.

சோவியத் அரசு இதில் விசித்திரமானது. படத்தைத் தடை செய்யும், ஆளைச் சிறையில் போடும், ஆனால் சுருளுக்கு எண் போட்டு அலமாரியில் வைக்கும். 1948-இல் தொடங்கிய கோஸ்ஃபில்மோஃபோண்ட், சோவியத் குடியரசுகளின் படங்களை எல்லாம் ஓரிடத்தில் குவித்தது. தடை செய்த படங்களைச் சோவியத்காரர்கள் 'அலமாரிப் படங்கள்' என்றே அழைத்தார்கள். எல்லாவற்றுக்கும் கோப்பு போடும் பழக்கம்தான் கடைசியில் 'புபா'வைக் காப்பாற்றியது. 'என் பாட்டி' கிண்டல் செய்த அதே ஆபீஸ் புத்தி!

யாருக்குச் சொந்தம்?

இதுதான் இன்னும் தீராத கேள்வி. ஜார்ஜியா 1991-இல் சுதந்திரம் பெற்றது. ஆனால் அதன் பழைய படங்கள் பலவற்றின் மூலச் சுருள்கள் ரஷ்யாவில் இருந்தன. 2008 ஆகஸ்டில் இரண்டு நாடுகளுக்கும் இடையே போர் நடந்தது. அதிலிருந்து ராஜாங்க உறவே இல்லை. திபிலிசியில் இருக்கும் ஒரு மாணவர், தன் ஊரில், தன் மொழியில் எடுத்த படத்தைப் பார்க்க, உறவில்லாத நாட்டின் காப்பகம் பிரதி தர வேண்டியிருக்கிறது.

சொந்தப் படம் கையில் இல்லாத சமூகம் தன் முகத்தை அடுத்தவர் சொல்லித்தான் தெரிந்துகொள்ள வேண்டும். முதல் பெண் இயக்குநர் என்று ஒருவர் இருந்தார் என்பதே ஜார்ஜியாவின் புதிய தலைமுறைக்கு 2013-க்குப் பிறகுதான் பரவலாகத் தெரிய வந்தது. நடுவில் வந்த பெண்கள் ஒவ்வொருவரும் தனக்கு முன்னால் யாருமே இல்லை என்று நினைத்துத்தான் கேமராவைத் தொட்டிருப்பார்கள்.

எதிலிருந்து தொடங்கலாம்?

சிரிக்க வேண்டும் என்றால் 'என் பாட்டி'. ஆபீஸ் வாழ்க்கை தெரிந்தவர்களுக்கு எழுத்து அட்டைகூடத் தேவைப்படாது. காட்சிக்காக என்றால் 'ஜிம் ஷ்வாந்தே'. ஆனால் இளகிய மனம் உள்ளவர்கள் குழந்தைக் காட்சிக்குத் தயாராக இருக்க வேண்டும். கதை வேண்டுமென்றால் 'எலிசோ'. துக்கம் தாளாத கூட்டம் திடீரென்று நடனத்துக்குள் போகும் ஒரு காட்சி அதில் உண்டு. 'புபா' திரைப்பட விழாக்களிலும் காப்பகத் திரையிடல்களிலும் காட்டப்படுகிறது. வாய்ப்பு கிடைத்தால் விட வேண்டாம்.

'புபா'வைப் பார்க்க இன்னொரு காரணமும் இப்போது சேர்ந்திருக்கிறது. 2023 ஆகஸ்ட் 3 அன்று, புபா பனியாற்றுப் பக்கமிருந்து இறங்கும் பள்ளத்தாக்கில் பாறையும் சேறும் சரிந்து வந்து, ஷோவி என்ற மலைவாசஸ்தலத்தை மூடியது. 30-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். காக்கசஸ் பனியாறுகள் இப்போது வேகமாகச் சுருங்கி வருகின்றன. அந்த மலையும் பனியும் மனிதர்களும் 1930-இல் எப்படி இருந்தார்கள் என்பதற்கு, நூத்சா எடுத்த அந்த 40 நிமிடம் இப்போது சாட்சியாகவும் ஆகிவிட்டது.